ஜப்பான் கால்பந்து இவ்வளவு சீக்கிரம் எப்படி வளர்ந்தது?

நீங்கள் கேட்டிருப்பது இது: 1993 வரை தொழில்முறை லீக்கே இல்லாத ஜப்பான், 2022 உலகக் கோப்பையில் ஜெர்மனியையும் ஸ்பெயினையும் சாய்த்தது எப்படி? பணமா, ஒழுக்கமா, வேறு ஏதாவதா? கூடவே, ஒரு ஜப்பான் கிளப்பைத் தொடர்ந்து பார்க்க ஆசை, எதைப் பிடித்துக்கொள்ளலாம் என்றும் கேட்டிருக்கிறீர்கள். முதல் கேள்விக்குள் இன்னொன்று ஒளிந்திருப்பதாக எனக்குப் படுகிறது. முப்பதே வருடத்தில் ஒரு நாடு கால்பந்தை ஒன்றுமில்லாததிலிருந்து கட்டியெழுப்ப முடியுமா என்பதுதான் அது. முடியாது என்றே நினைக்கிறேன். ஜப்பானும் அப்படிக் கட்டவில்லை. ஜே லீக் என்ற அந்தத் தொழில்முறை லீக் தொடங்குவதற்கு முன்பே முப்பது வருடம், யாரும் பெரிதாகப் பார்க்காத வேலை ஒன்று நடந்திருக்கிறது. அங்கிருந்து தொடங்கினால்தான் பின்னால் நடந்தது புரியும்.

நான் யார் என்பதையும் சொல்லிவிடுகிறேன். வேலைக்காக ஷிசுவோகா மாகாணத்தில் ஷிமிசு என்ற துறைமுக ஊருக்கு வந்து 16 வருடம் ஆகிறது. மகனை இங்கே தொடக்கப்பள்ளிக் கால்பந்து அணியில் சேர்க்கப் போன அன்று, கோடு போடவும் கூம்பு அடுக்கவும் ஆள் வேண்டும், நீங்களும் வாருங்கள் என்றார்கள். இப்படி உள்ளே வருகிறவர்களுக்கு ஜப்பானில் 'ஓத்தோசான் கோச்' என்று பெயர், அதாவது அப்பா கோச். பிறகு ஜப்பான் கால்பந்துச் சங்கத்தின் 'டி' பயிற்சியாளர் உரிமமும் அதன் பிறகு 'சி' உரிமமும் வாங்கினேன். 11 வருடமாகச் சனி, ஞாயிறு காலைகள் மைதானத்தில்தான் போகின்றன. ஆகவே 12 வயதுக்குட்பட்ட பிள்ளைகளின் கால்பந்து பற்றி நான் கண்ணால் கண்டதைச் சொல்ல முடியும். தொழில்முறைக் கிளப்புகளைப் பற்றிச் சொல்வதெல்லாம் வரலாறாகப் பதிவானவை. இரண்டையும் கலக்காமல் சொல்லப் பார்க்கிறேன்.

ஜப்பான் கால்பந்துச் சங்கம் 1921ல் தொடங்கியது. இன்றும் நடக்கும் பேரரசர் கோப்பையும் அந்த வருடத்தில்தான் ஆரம்பம். 1936 பெர்லின் ஒலிம்பிக்கில் ஸ்வீடனை 3-2 என்று வென்றது இன்னும் இங்கே பேசப்படுகிறது. (அடுத்த ஆட்டத்தில் இத்தாலியிடம் 0-8. அதை அவ்வளவாகப் பேசுவதில்லை.) ஆனால் போருக்குப் பிறகு எல்லாம் தேய்ந்துவிட்டது. நம் ஆட்கள் தெரிந்துகொள்ள வேண்டிய ஒன்று: 1962 ஜகார்த்தா ஆசிய விளையாட்டுப் போட்டியில் ஜப்பான் இந்தியாவிடம் 0-2 என்று தோற்றது. இந்தியா அந்த முறை தங்கம் வென்றது. இரண்டு நாடுகளும் அன்று நின்ற இடம் அதுதான்.

1964 டோக்கியோ ஒலிம்பிக் நெருங்கியபோது, சொந்த மண்ணில் மானம் போய்விடக் கூடாது என்று ஜெர்மனியிலிருந்து டெட்மார் கிராமர் என்ற பயிற்சியாளரை வரவழைத்தார்கள். 1960ல் வந்தார். தேசிய அணி வீரர்களுக்கே பந்தை நிறுத்துவது, உள்பாதத்தால் பாஸ் கொடுப்பது என்று அரிச்சுவடியிலிருந்து சொல்லிக்கொடுத்தார். 1964ல் அர்ஜென்டினாவை 3-2 என்று வென்று ஜப்பான் காலிறுதிக்குப் போனது. ஆனால் கிராமர் செய்த பெரிய காரியம் அந்த வெற்றி இல்லை என்பது என் கருத்து. கிளம்பும்போது அவர் கொடுத்துவிட்டுப் போன ஆலோசனைகள்தான் முக்கியம்: பலமான அணிகளைச் சேர்த்து ஒரு லீக் நடத்துங்கள், பயிற்சியாளர்களுக்குப் பயிற்சி கொடுக்க ஓர் ஏற்பாடு செய்யுங்கள், புல்தரை மைதானங்களைக் கூட்டுங்கள், வெளிநாட்டு அணிகளோடு அதிகம் ஆடுங்கள்.

லீக் என்ற யோசனை அன்று ஏன் புதிதாக இருந்தது என்பதைக் கொஞ்சம் விளக்க வேண்டும். ஜப்பானில் அப்போது தேசிய அளவில் நடந்ததெல்லாம் நாக்-அவுட் போட்டிகள். பள்ளியானாலும் கம்பெனி அணியானாலும் ஒரு ஆட்டம் தோற்றால் அந்தப் போட்டி அதோடு முடிந்தது. பலமான அணி ஆறேழு ஆட்டம் ஆடும், பலவீனமான அணி ஒரே ஆட்டத்தில் வீட்டுக்குப் போய்விடும். யாருக்கு அதிக ஆட்டம் தேவையோ அவர்களுக்குக் குறைவாகக் கிடைக்கும். அதைவிடக் கெடுதல், தோற்றால் தீர்ந்தது என்று தெரிந்தால் எந்தப் பையனும் புதிதாக ஒன்றை முயன்று பார்க்க மாட்டான். பந்தைத் தூர அடித்துத் தப்பிக்கத்தான் பார்ப்பான். லீக்கில் இன்று தோற்றால் அடுத்த வாரம் சரிசெய்ய இடம் இருக்கிறது. இந்த ஒரு விஷயத்தை ஜப்பான் மேலிருந்து கீழ்வரை கொண்டுவர அரை நூற்றாண்டு ஆனது. பின்னால் இதற்குத் திரும்பி வருகிறேன்.

1965ல் ஜப்பான் சாக்கர் லீக் 8 அணிகளோடு தொடங்கியது. எல்லாமே நிறுவன அணிகள்: ஃபுருகாவா மின்சாரம், ஹிட்டாச்சி, மிட்சுபிஷி, யன்மார், யவாட்டா எஃகு இப்படி. ஹிரோஷிமாவின் டோயோ கோக்யோ, அதாவது இன்றைய மஸ்டா, முதல் நான்கு வருடமும் பட்டம் வென்றது. வீரர்கள் அந்தந்தக் கம்பெனியின் ஊழியர்கள். பகலில் அலுவலகம், பிறகு பயிற்சி. 1968 மெக்சிகோ ஒலிம்பிக்கில் இந்த ஊழியர்கள்தான் வெண்கலம் வென்றார்கள். காமாமோட்டோ குனிஷிகே 7 கோல் அடித்து அந்தப் போட்டியிலேயே அதிக கோல் அடித்தவர் ஆனார்.

சரி, வெண்கலத்துக்குப் பிறகு வளர்ச்சி தொடர்ந்ததா என்றால், இல்லை. அடுத்த 28 வருடம் ஜப்பான் ஒலிம்பிக் கால்பந்துக்குத் தகுதியே பெறவில்லை. லீக் ஆட்டங்களுக்குக் கூட்டம் வரவில்லை. காரணம் எளிது. மிட்சுபிஷியும் ஹிட்டாச்சியும் மோதினால் அந்தக் கம்பெனிகளில் வேலை செய்யாத ஒருவருக்கு யார் ஜெயித்தால் என்ன? அணிக்கு ஊர் இல்லை, அதனால் ஊருக்கும் அணி இல்லை. ஆனால் இதே இருட்டுக் காலத்தில்தான் கீழே வேலை நடந்துகொண்டிருந்தது. 1969ல் சிபாவில், ஆசியப் பயிற்சியாளர்களுக்கான ஃபிஃபா பயிற்சிப் பள்ளியைக் கிராமரே நடத்தினார். அதன் வழியே சொந்தப் பயிற்சியாளர் உரிம முறை வேர்விட்டது. ஒவ்வொரு வட்டாரத்திலும் திறமையான பிள்ளைகளைச் சேர்த்து, வட்டாரம், மாகாணம், மண்டலம், நாடு என்று படிப்படியாக மேலே கூட்டிப்போகும் 'தொரேசென்' முறை உருவானது. நான் இருக்கும் ஷிமிசுவில் 1960களிலேயே தொடக்கப்பள்ளி ஆசிரியர்கள் பிள்ளைகளுக்கென்று ஒரு லீக் நடத்த ஆரம்பித்துவிட்டார்கள். இன்றும் இங்கே எழுபது வயதுத் தாத்தாக்கள், அந்த லீக்கில் தான் எந்த இடத்தில் ஆடினேன் என்பதைத்தான் முதலில் சொல்வார்கள். பேரன் பெயர் அப்புறம்தான் வரும். 1981ல் தொடங்கிய ஒரு கால்பந்து காமிக்ஸ் தொடரும் பிள்ளைகளை மைதானத்துக்கு இழுத்தது உண்மை. ஆனால் அதுதான் ஜப்பான் கால்பந்தை உருவாக்கியது என்று சிலர் சொல்வதை நான் ஏற்கவில்லை. காமிக்ஸ் படித்த பையன் மறுநாள் போய் நிற்க ஒரு மைதானமும் அங்கே ஒரு கோச்சும் ஏற்கெனவே இருந்தார்கள்.

வீரர்கள் வெளிப்படையாகத் தொழில்முறை ஆட்டக்காரர் என்று பதிவு செய்துகொள்ள 1986ல்தான் அனுமதி கிடைத்தது. ஜெர்மனியில் கொலோன் அணிக்கு ஆடித் திரும்பிய ஒகுதேரா அப்படி முதலில் பதிவானவர்களில் ஒருவர். பிறகு கவாபுச்சி சபுரோ வருகிறார். 1964ல் அர்ஜென்டினாவுக்கு எதிராகக் கோல் அடித்தவர், ஃபுருகாவாவின் ஊழியர், ஜே லீக்கின் முதல் தலைவர். இந்த மனிதரைப் பற்றித் தனியாகவே ஒரு பதில் எழுதலாம். அவர் போட்ட நிபந்தனைகள்தான் எல்லாவற்றையும் மாற்றின. கிளப் தனி நிறுவனமாகப் பதிவாக வேண்டும். ஓர் ஊரைத் தன் ஊராக அறிவிக்க வேண்டும். குறைந்தது 15,000 பேர் அமரும், இரவு விளக்கு உள்ள மைதானம் வேண்டும். சிறுவர், இளைஞர் அணிகளைக் கட்டாயம் நடத்த வேண்டும். முக்கியமாக, அணிப் பெயரில் கம்பெனிப் பெயர் இருக்கக் கூடாது.

கடைசி நிபந்தனை எவ்வளவு பெரிய துணிச்சல் என்பது ஜப்பானின் பேஸ்பால் தெரிந்தவர்களுக்குப் புரியும். அங்கே யோமியுரி, ஹான்ஷின் என்று முதலாளியின் பெயர்தான் அணியின் பெயர். அதே யோமியுரி குழுமம் கால்பந்திலும் அன்றைய மிகப் பெரிய கிளப்பை வைத்திருந்தது. பணம் போடுகிறவர் பெயர் ஏன் வரக் கூடாது என்று அவர்கள் வெளிப்படையாகவே சண்டை போட்டார்கள். கவாபுச்சி விட்டுக்கொடுக்கவில்லை.

காஷிமாவின் கதை எனக்கு மிகவும் பிடித்தது. இபாராக்கி மாகாணத்தில் சுமார் 45,000 பேர் மட்டும் வாழ்ந்த ஊர் அது. எஃகு ஆலை, கடல், பழைய கோயில் ஒன்று, அவ்வளவுதான். அங்கே சுமித்தோமோ எஃகு ஆலையின் அணி இரண்டாம் பிரிவில் ஆடிக்கொண்டிருந்தது. அவர்கள் ஜே லீக்கில் சேரக் கேட்டபோது, 99.9999 சதவீதம் சாத்தியமில்லை, 15,000 பேருக்குக் கூரையோடு ஒரு கால்பந்து மைதானம் கட்டினால் பார்க்கலாம் என்றார் கவாபுச்சி. மறுப்பதற்காகச் சொன்ன வார்த்தை அது. மாகாண அரசு உண்மையிலேயே கட்டிவிட்டது. அந்த இரண்டாம் பிரிவு அணிக்கு 1991ல் பிரேசிலின் ஜிகோ ஆட வந்தார். ஆட்டத்தை விட்டுவிட்டுத் தன் நாட்டில் விளையாட்டுத் துறைப் பொறுப்பில் இருந்தவர், நாற்பதை நெருங்கும் வயதில் அந்த ஆலை ஊரில் வந்து குடியேறினார். 1993 மே 16ல், காஷிமாவின் முதல் ஜே லீக் ஆட்டத்தில் நகோயாவுக்கு எதிராக மூன்று கோல் அடித்தார். முடிவு 5-0. அந்தச் சின்ன ஊர் அணிதான் பின்னாளில் ஜப்பானிலேயே அதிகம் பட்டம் வென்ற கிளப். 2016ல் கிளப் உலகக் கோப்பை இறுதியில் ரியல் மாட்ரிட்டைக் கூடுதல் நேரம் வரை இழுத்துப்போய் 2-4 என்று தோற்றது.

ஜே லீக்கின் முதல் ஆட்டம் அதற்கு முந்தைய நாள், மே 15, டோக்கியோ தேசிய மைதானத்தில். வெர்டி கவாசாகியை யோகோஹாமா மரினோஸ் 2-1 என்று வென்றது. 10 கிளப்புகள், நிரம்பி வழிந்த கூட்டம், லினெக்கர், லிட்பார்ஸ்கி போன்ற பெயர்கள். 1994ல் ஓர் ஆட்டத்துக்குச் சராசரியாக 19,000க்கு மேல் ரசிகர்கள் வந்தார்கள். 1997ல் அது 10,000 அளவுக்கு இறங்கிவிட்டது. புதுமை வடிந்தது, பொருளாதாரமும் சரிந்தது. 1998 அக்டோபரில், யோகோஹாமா ஃப்ளூகல்ஸ் என்ற கிளப்பை அதே ஊரின் மரினோஸோடு இணைக்கப்போகிறார்கள் என்ற செய்தி வந்தது. பணம் போட்ட ஒரு கட்டுமான நிறுவனம் விலகியதுதான் காரணம். ரசிகர்கள் தெருவில் நின்று கையெழுத்து வாங்கினார்கள், பலனில்லை. மிச்சம் இருந்தது பேரரசர் கோப்பை மட்டும். தோற்கும் நாள்தான் கிளப்பின் கடைசி நாள் என்று தெரிந்து ஆடிய அந்த அணி ஒரு ஆட்டத்திலும் தோற்கவில்லை. 1999 ஜனவரி 1 அன்று இறுதியிலும் 2-1 என்று வென்று, கோப்பையோடு கலைந்தது. அன்று எதிரே நின்று தோற்றது எங்கள் ஊர் ஷிமிசு எஸ்-பல்ஸ். இங்கே அந்தத் தோல்வியைப் பற்றி யாரும் குறைப்பட்டு நான் கேட்டதில்லை. ஃப்ளூகல்ஸ் ரசிகர்கள் தாங்களே ஒரு கிளப் தொடங்கினார்கள். யோகோஹாமா எஃப்சி என்ற அந்த அணி கீழ்ப் பிரிவிலிருந்து ஏறி 2007ல் முதல் பிரிவுக்கே வந்தது.

என்னைப் பொறுத்தவரை ஜப்பான் லீக் முதிர்ந்தது ஃப்ளூகல்ஸ் கலைந்த அந்தச் சமயத்தில்தான். பெரிய முதலாளியை மட்டும் நம்பினால் என்ன ஆகும் என்று எல்லோரும் கண்ணால் பார்த்துவிட்டார்கள். 1999ல் இரண்டாம் பிரிவு, 2014ல் மூன்றாம் பிரிவு என்று லீக் விரிந்து, இன்று 60 கிளப்புகள் இருக்கின்றன. கணக்கு ஒழுங்காக இல்லாவிட்டால் உரிமம் கிடைக்காது என்ற விதி 2013 முதல் நடைமுறைக்கு வந்தது. ஒன்றை நேர்மையாகச் சொல்ல வேண்டும். 'ஊரின் அணி' என்பது முழு உண்மை இல்லை. பெயரில் இல்லாத கம்பெனிகள் பல கிளப்புகளின் சட்டை மார்பிலும் பங்குப் பட்டியலிலும் இன்றும் இருக்கின்றன. பணம் முக்கியமில்லை என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். ஆனால் அந்தப் பணத்தை ஊரோடும் சிறுவர் அணிகளோடும் சேர்த்துக் கட்டிப்போட்டது விதிகள்தான்.

தேசிய அணியின் கதையைச் சுருக்கமாகச் சொல்கிறேன், ஏனென்றால் அது எல்லோருக்கும் தெரிந்ததுதான். 1993 அக்டோபர் 28, தோஹா. ஈராக்கை 2-1 என்று முந்தி, முதல் உலகக் கோப்பைக்கு விநாடிகள் தூரத்தில் நின்றபோது ஒரு கார்னரிலிருந்து ஈராக் சமன் செய்தது. தரையில் உட்கார்ந்துவிட்ட அந்த வீரர்களில் ஒருவர் மோரியாசு ஹாஜிமே. 1997ல் மலேசியாவின் ஜொகூர் பாருவில், கூடுதல் நேரத்தில் ஈரானை 3-2 என்று வென்று முதல்முறை தகுதி. 1998ல் மூன்று ஆட்டமும் தோல்வி. 2002ல் கொரியாவோடு சேர்ந்து நடத்திய உலகக் கோப்பையில் கடைசி 16. பிறகு 2010, 2018, 2022 மூன்று முறையும் அதே கடைசி 16ல் நின்றது. 2018ல் பெல்ஜியத்துக்கு எதிராக 2-0 என்று முந்திவிட்டு, கடைசி நிமிடத்தில் தன் கார்னரிலிருந்து கிளம்பிய எதிர்த்தாக்குதலில் 2-3. அந்த ஆட்டம் முடிந்தபோது இங்கே விடியற்காலை. எங்கள் தெருவில் எல்லா வீட்டிலும் விளக்கு எரிந்தது, ஒரு சத்தமும் இல்லை. 2022ல், தோஹாவில் அன்று தரையில் உட்கார்ந்த மோரியாசுவே பயிற்சியாளராக அதே நாட்டுக்குத் திரும்பிப் போய் ஜெர்மனியையும் ஸ்பெயினையும் வென்றார்.

அந்த அணியின் பட்டியலில்தான் உங்கள் கேள்விக்கு நல்ல பதில் இருக்கிறது. 1998ல் 22 பேரும் உள்நாட்டு லீக்கில் ஆடியவர்கள். 2022ல் 26 பேரில் 19 பேர் வெளிநாட்டில் ஆடியவர்கள், அதில் 8 பேர் ஜெர்மனியில். ஜெர்மனிக்கு எதிராகக் கோல் அடித்த தோவானும் அசானோவும் வாராவாரம் அதே தடுப்பாட்டக்காரர்களோடு மோதிக்கொண்டிருந்தவர்கள். அதைப் பார்த்து ஐரோப்பாவுக்கு அனுப்பியதுதான் ரகசியம் என்று பலர் எழுதுகிறார்கள். அது பாதி. அனுப்பும் தரத்தில் ஆள் எப்படி உருவானார்கள் என்பது மீதி. நான் அதிகம் யோசித்தது அந்த மீதியைப் பற்றித்தான்.

உலகில் பல நாடுகளில் 15 வயதில் கிளப் அகாடமி ஒரு பையனைக் கழித்துவிட்டால் கதை முடிந்தது. ஜப்பானில் அவனுக்கு இன்னொரு வாசல் இருக்கிறது, உயர்நிலைப்பள்ளி அணி. புத்தாண்டையொட்டி நடக்கும் தேசிய உயர்நிலைப்பள்ளிப் போட்டி நூறு வருடத்துக்கும் மேல் பழையது. 47 மாகாணங்களிலிருந்து 48 பள்ளிகள் வரும், டோக்கியோவுக்கு மட்டும் இரண்டு இடம். இறுதி ஆட்டம் தேசிய மைதானத்தில், தொலைக்காட்சியில் நேரடியாக. நகாமுரா ஷுன்சுகே மரினோஸின் சிறுவர் அணியில் இருந்தார், உடல் சிறியதென்று மேலே எடுக்கவில்லை. பள்ளி அணிக்குப் போய் வளர்ந்து, அதே மரினோஸுக்குத் திரும்பினார். பிறகு ஸ்காட்லாந்தின் செல்டிக்குக்காக மான்செஸ்டர் யுனைடெட்டுக்கு எதிராக ஃப்ரீ கிக்கில் கோல் அடித்தார். ஹோண்டா கெய்சுகேயையும் பல வருடம் கழித்து கமாடா டைச்சியையும் காம்பா ஒசாகா இதேபோல் கழித்தது. இருவரும் பள்ளி வழியாகவே ஏறினார்கள். உவேதா அயாசேயைக் காஷிமாவின் சிறுவர் அணி மேலே எடுக்கவில்லை. பள்ளிக்கும் பல்கலைக்கழகத்துக்கும் போய், கடைசியில் காஷிமாவுக்கே ஆடினார்.

மூன்றாவது வாசலும் உண்டு, பல்கலைக்கழகம். மிட்டோமா கௌரு கழிக்கப்பட்டவர் இல்லை. கவாசாகி கிளப் 18 வயதில் ஒப்பந்தம் கொடுத்தது, இவர்தான் இன்னும் தயாராகவில்லை என்று ட்சுகுபா பல்கலைக்கழகத்துக்குப் போனார். அங்கே டிரிப்ளிங்கையே ஆய்வுக்கு எடுத்து, சக வீரர்கள் தலையில் கேமரா மாட்டி, நன்றாக ஆடுகிறவர்கள் பந்தை எடுக்கும்போது எங்கே பார்க்கிறார்கள் என்று படித்தார். ஸ்பெயினுக்கு எதிராக எல்லைக் கோட்டில் மில்லிமீட்டர் மிச்சத்தில் பந்தைத் திருப்பிக் கொடுத்தவர் இவர்தான். இட்டோ ஜூன்யா, மோரிட்டா, தனிகுச்சி, நாகதோமோ எல்லோரும் பல்கலைக்கழகத்தில் ஆடி வந்தவர்கள்.

என் மைதானத்திலும் இதைப் பார்த்திருக்கிறேன். ஆறாம் வகுப்பில் எல்லோரையும்விடக் குட்டையாக இருந்த ஒரு பையன், கிளப் தேர்வில் மூன்று முறை தோற்றான். மூன்றாம் முறை அவன் அம்மா என்னிடம் வந்து, இவனை நிறுத்திவிடலாமா என்று கேட்டார். எனக்குப் பதில் தெரியவில்லை. பக்கத்தில் நின்ற மூத்த கோச், எலும்பு வளர்ந்து முடிக்கட்டும், அதுவரை பந்தோடு இருக்கட்டும் என்று மட்டும் சொன்னார். இப்போது அவன் உயர்நிலைப்பள்ளி அணியில் நடுக்களத்தில் ஆடுகிறான், என்னைவிட உயரம். தொழில்முறை வீரன் ஆவானா என்பது வேறு கதை. ஆட்டத்தை விட்டுப் போகவில்லை.

நாக்-அவுட் விஷயத்துக்குத் திரும்பி வருகிறேன் என்றேன். 2011ல் 18 வயதுக்குட்பட்டோருக்கான பிரீமியர் லீக் தொடங்கியது. அதில் கிளப்புகளின் இளைஞர் அணிகளும் பள்ளி அணிகளும் ஒரே லீக்கில் வருடம் முழுக்க மோதுகின்றன. அதே வருடம் 12 வயதுக்குட்பட்டோர் தேசியப் போட்டி, பக்கத்துக்கு 8 பேர் ஆடும் முறைக்கு மாறியது. வெளியிலிருந்து பார்த்தால் சின்ன மாற்றம். உள்ளே நின்று பார்த்தால் மிகப் பெரியது. 11 பேர் ஆடும்போது ஓரத்தில் நிற்கும் பிள்ளைக்குப் பந்து அபூர்வமாகத்தான் வரும். 8 பேர் என்றால் ஒளிய இடமில்லை, கோல் கீப்பர்கூடக் காலால் ஆடியாக வேண்டும். நல்ல நடத்தைக்குக் காட்டும் பச்சை அட்டையும் பிள்ளைகள் ஆட்டத்தில் உண்டு. விழுந்த எதிரணிப் பையனைத் தூக்கிவிட்டால் நடுவர் காட்டுவார். அதை வாங்கிய நாளில் என் மகன் சாப்பாட்டு மேசையில் வேறு எதையும் பேசவில்லை.

பெண்கள் அணியை விட்டுவிட்டால் இந்தப் பதில் குறைப்பட்டுவிடும். 2011 மார்ச் 11 நிலநடுக்கமும் சுனாமியும் வந்த நான்கே மாதத்தில் ஜப்பான் பெண்கள் ஜெர்மனியில் உலகக் கோப்பையை வென்றார்கள். காலிறுதியில் ஜெர்மனியை அவர்கள் மண்ணிலேயே 1-0. இறுதியில் அமெரிக்காவுக்கு எதிராக 117வது நிமிடத்தில் சவா ஹோமாரே சமன் செய்து, பெனால்டியில் வெற்றி. ஜெர்மனிக்கு எதிரான கோலை அடித்த மருயாமா கரினா, ஃபுகுஷிமா அணுமின் நிலையத்தை நடத்திய டோக்கியோ மின் நிறுவனத்தின் பெண்கள் அணியில் ஆடியபடி அந்த மின்நிலையத்தில் வேலையும் பார்த்தவர். சுனாமியால் அந்த நிலையத்தில் நேர்ந்த அணு உலை விபத்தோடு அந்த அணி முடிந்துபோனது. ஃபுகுஷிமாவில் இருந்த தேசியப் பயிற்சி வளாகமான ஜே வில்லேஜ் விபத்து மீட்புத் தளமாக மாறி, புல்தரைகள் வாகன நிறுத்துமிடங்கள் ஆயின. இத்தனைக்கும் பெண்களுக்கான முழுத் தொழில்முறை லீக் 2021ல்தான் வந்தது. ஆண்கள் பக்கம் செய்ததில் ஒரு பங்கை இவர்களுக்குப் பத்து வருடம் முன்பே செய்திருக்கலாம் என்ற வருத்தம் எனக்கு உண்டு.

ஒழுக்கமா என்று கேட்டீர்கள். மைதானத்தைச் சுத்தம் செய்துவிட்டுப் போகும் ரசிகர்கள், வரிசையில் நின்று வணங்கும் வீரர்கள், இதெல்லாம் உண்மை. ஆனால் அதே ஒழுக்கம் 1970களிலும் 80களிலும் இருந்தது, அப்போது ஜெயிக்கவில்லையே. சொல்லப்போனால் அளவுக்கு மீறிக் கீழ்ப்படியும் பழக்கம் ஆட்டத்தில் தடையாக இருந்தது என்பதுதான் இங்குள்ள கோச்சுகளின் பொதுவான குறை. உரிமப் பயிற்சியில் எங்களுக்குத் திரும்பத் திரும்பச் சொல்வது, பதிலைச் சொல்லாதே, பிள்ளையிடம் கேள் என்பதுதான். இது எவ்வளவு பலித்தது என்பதில் ஆளுக்கொரு கருத்து இருக்கிறது. இப்போதும் பக்கக்கோட்டில் நின்று கத்தும் கோச்சுகளை வாராவாரம் பார்க்கிறேன்.

2050க்குள் உலகக் கோப்பையை வெல்வோம் என்று சங்கம் 2005ல் அறிவித்தது. அது நடக்குமா என்று என்னிடம் கேட்டால், கடைசி 16ஐ முதலில் தாண்டட்டும் என்பேன். ஆசியாவிலேயே எல்லாம் சுலபமாக இல்லை. 2024 ஆரம்பத்தில் நடந்த ஆசியக் கோப்பையில் ஈராக்கிடம் தோற்று, காலிறுதியில் ஈரானிடம் தோற்று வெளியேறினார்கள். இன்னொரு பக்கம், 2025 அக்டோபரில் டோக்கியோவில் 0-2 என்று பின்தங்கியிருந்து பிரேசிலை 3-2 என்று வென்றார்கள். பிரேசிலின் முதன்மை அணியை வென்றது அதுவே முதல்முறை. நட்பு ஆட்டம்தான், அதிகம் எடை போட வேண்டாம். எனக்கு உண்மையான கவலை பிள்ளைகளின் எண்ணிக்கை. நான் வந்த வருடம் எங்கள் பள்ளியில் வகுப்புக்கு ஓர் அணி இருந்தது. இப்போது பக்கத்துப் பள்ளியோடு சேர்ந்துதான் எட்டுப் பேர் தேறுகிறார்கள்.

கடைசியாக, எந்தக் கிளப். பட்டங்களைப் பார்க்காமல் வரைபடத்தைப் பாருங்கள், ஓர் ஊரைத் தேர்ந்தெடுங்கள். பெரிய கூட்டமும் ஆரவாரமும் வேண்டுமென்றால் உராவா. பனி ஊர் பிடிக்குமென்றால் நீகாட்டா. 2002 உலகக் கோப்பைக்குக் கட்டிய மைதானத்தை அந்த ஊர் 2005ல் சராசரி 40,000 பேரோடு நிரப்பியது. 2026 முதல் லீக் பருவம் ஆகஸ்டில் தொடங்கி மே வரை என்று மாறுவதால், இந்த வடக்கு ஊர்கள் என்ன செய்யப்போகின்றன என்பதும் கவனிக்க வேண்டியது. நான் எஸ்-பல்ஸைத்தான் சொல்வேன், பாரபட்சத்தோடு. முதல் பத்துக் கிளப்புகளில் பழைய கம்பெனி அணி பின்னணி இல்லாமல் ஊர்க்காரர்கள் பங்கு போட்டுத் தொடங்கிய ஒரே கிளப் அது. 2023 டிசம்பர் 2, சனிக்கிழமை, முதல் பிரிவுக்குத் திரும்பும் கடைசி ஆட்டம் டோக்கியோவில். எதிரே, முதல் ஜே லீக் ஆட்டத்தில் ஆடிய அதே வெர்டி. டிரா ஆனால் அவர்களுக்கு ஏற்றம். 1-0 என்று முந்தி நின்றோம், 96வது நிமிடத்தில் ஒரு பெனால்டி, 1-1. திரும்பி வந்த பேருந்தில் மூன்று மணி நேரம் யாரும் பேசவில்லை. அடுத்த வருடம் இரண்டாம் பிரிவில் முதலிடம் பிடித்து மேலே வந்துவிட்டோம், ஆனால் எனக்கு நினைவில் நிற்பது அந்த வெர்டி ஆட்டத்துக்கு மறுநாள் ஞாயிற்றுக்கிழமைதான். காலைப் பயிற்சிக்குப் பாதிப் பேராவது வருவார்களா என்று நினைத்துக்கொண்டே மைதானத்துக்குப் போனேன். எல்லாப் பிள்ளைகளும் வந்திருந்தார்கள், ஆரஞ்சுச் சட்டையில்.